காகிதம் வெள்ளத்தில் போனது, குடியுரிமையுமா போகும்?

நகல் சான்று கொடுக்க நெல்லையில் தனி முகாம் நடத்த வேண்டும்

வீட்டுப் பத்திரம் தொலைந்தால் சப்-ரிஜிஸ்திரார் ஆபீசில் நகல் போட்டுத் தருகிறார்கள். பத்தாம் வகுப்பு மார்க் சீட் தொலைந்தால் பரீட்சைத் துறை இரண்டாம் படி கொடுக்கிறது. டிரைவிங் லைசென்ஸ் தொலைந்தால் ஆர்.டி.ஓ. ஆபீசில் வேறு வாங்கிக் கொள்ளலாம்.

"நீ இந்த நாட்டுப் பிரஜை" என்று சர்க்கார் கொடுத்த சர்ட்டிபிகேட் தொலைந்தால்?

அங்கேதான் வம்பு. எந்த ஆபீசுக்குப் போவது என்றே தெரியாது. விசாரித்துக்கொண்டு போய் நின்றால், "ஒரிஜினல் எங்கே?" என்று முதல் கேள்வி வருகிறது.

ஒரிஜினல் கையில் இருந்தால் அந்த ஆள் ஏன் வரிசையில் வந்து நிற்கிறார்?

யார் இவர்கள்?

நம்மில் பெரும்பாலோருக்குக் குடியுரிமைச் சான்று என்று ஒரு தாளே கிடையாது. இங்கே பிறந்தோம், இங்கேயே இருக்கிறோம். அதனால் அந்தத் தாளின் அருமை நமக்குத் தெரியாது.

அந்தத் தாளை வைத்திருப்பவர்கள் வேறு ஒரு கூட்டம். நெல்லைச் சீமையில் அவர்களில் முக்கியமானவர்கள் இலங்கையிலிருந்து தாயகம் திரும்பியவர்கள்.

இவர்களுடைய பாட்டன், பூட்டன் எல்லாம் திருநெல்வேலி, மதுரை, ராமநாதபுரம், திருச்சி என்று நம்ம ஜில்லாக்களிலிருந்து போனவர்கள்தான். காப்பித் தோட்டத்துக்கும் தேயிலைத் தோட்டத்துக்கும் போய் மலையை வெட்டித் தோட்டமாக்கினார்கள். 1948-இல் இலங்கை சுதந்திரம் அடைந்தது. அதே வருஷம் அங்கே குடியுரிமைச் சட்டம் போட்டு இவர்களைத் தள்ளி வைத்துவிட்டார்கள். லட்சக்கணக்கான பேர் எந்த நாட்டுக்கும் பிரஜையாக இல்லாமல் நின்றார்கள்.

1964 அக்டோபர் 30-ந் தேதி டெல்லியில் லால் பகதூர் சாஸ்திரியும் ஸ்ரீமாவோ பண்டாரநாயகாவும் ஒப்பந்தம் போட்டார்கள். 5 லட்சத்து 25 ஆயிரம் பேரை இந்தியா ஏற்பது, 3 லட்சம் பேரை இலங்கை ஏற்பது என்று கணக்கு. பாக்கி இருந்த ஒன்றரை லட்சம் பேரை 1974-இல் இந்திரா காந்தி காலத்தில் ஆளுக்குப் பாதியாகப் பிரித்துக் கொண்டார்கள்.

சந்தையில் மாடு பிரித்த மாதிரி பிரித்தார்கள் என்று அந்த ஜனங்கள் வயிறெரிந்து சொன்னதுண்டு. அந்தக் கதை இருக்கட்டும்.

இந்தியாவுக்கு என்று எழுதிக் கொடுத்தவர்களின் மனுவை இந்தியத் தூதரகம் பரிசீலித்தது. 1955-ஆம் வருஷத்துக் குடியுரிமைச் சட்டப்படி இந்தியப் பிரஜையாகப் பதிவு செய்தது. பாஸ்போர்ட் கொடுத்தது. குடும்ப அட்டையும் கொடுத்தது. தலைமன்னாரில் 'ராமானுஜம்' கப்பலில் ஏறி ராமேசுவரத்தில் இறங்கினார்கள். மண்டபம் முகாமில் பதிந்தார்கள். அப்புறம் ஆளுக்கு ஒரு திக்கில் அனுப்பப்பட்டார்கள். நீலகிரி தேயிலைத் தோட்டம், கன்னியாகுமரி ரப்பர் தோட்டம், நூற்பாலை, வியாபாரக் கடன் என்று பல திட்டங்கள்.

இப்படி வந்து சேர்ந்தவர்கள் 4 லட்சத்து 60 ஆயிரத்துக்கும் மேலே. இதற்கு முன்னாலேயே 1963 தொடங்கி பர்மாவிலிருந்து ஒன்றே கால் லட்சத்துக்கும் மேலானவர்கள் வந்தார்கள்.

ஆக, இவர்கள் கள்ளத் தோணியில் வந்தவர்கள் அல்ல. இரண்டு நாட்டுப் பிரதமர்கள் கையெழுத்துப் போட்டு, இந்திய சர்க்கார் பாஸ்போர்ட் கொடுத்துக் கூட்டி வந்தவர்கள்.

"இலங்கையா? அப்போ அகதி!"

ஆபீஸ்களில் நடக்கிற முதல் கோளாறு இதுதான். பிறந்த இடம் நுவரெலியா, பதுளை, ஹட்டன் என்று இருந்தால் போதும். "ஓ, அகதியா? முகாம் தாசில்தாரைப் போய்ப் பாருங்க" என்று சொல்லிவிடுகிறார்கள்.

அகதிகள் வேறு. 1983 கலவரத்துக்குப் பிறகு உயிருக்குப் பயந்து ஓடிவந்தவர்கள் அவர்கள். அவர்களுடைய குறை தனிக் குறை. அதற்கும் தீர்வு வேண்டும்.

தாயகம் திரும்பியவர்கள் கப்பலில் ஏறும்போதே இந்தியப் பிரஜைகள். இந்த ஒரு வித்தியாசத்தை கவுண்டரில் இருக்கிறவருக்கு யாராவது சொல்லிக் கொடுத்தாலே பாதி அலைச்சல் குறையும்.

வெள்ளம் கேட்டா வந்தது?

2023 டிசம்பர் 17, 18 தேதிகளை நெல்லைக்காரர்கள் மறக்க முடியுமா? காயல்பட்டினத்தில் ஒரே நாளில் 90 சென்டிமீட்டருக்கு மேலே மழை கொட்டியது. தாமிரபரணி கரை தாண்டியது. ஜங்ஷன், வண்ணாரப்பேட்டை, கொக்கிரகுளம், மீனாட்சிபுரம் என்று தண்ணீர் புகுந்த இடங்கள் கொஞ்சமா? கொக்கிரகுளத்தில் கலெக்டர் ஆபீஸ் வளாகத்துக்குள்ளேயே வெள்ளம் வந்துவிட்டது.

காம்பவுண்டு சுவரும் காவலும் இருக்கிற கலெக்டர் ஆபீசுக்கே அந்தக் கதி. ஒற்றை அறையில் குடியிருக்கிறவர் டிரங்குப் பெட்டியில் வைத்திருந்த நாற்பது, ஐம்பது வருஷத்துத் தாள் என்ன ஆகும்?

1992 நவம்பரிலும் இதே தாமிரபரணி இதே மாதிரி வந்தது. அப்போது போன தாள்களுக்கே இன்னும் வழி பிறக்காத குடும்பங்கள் இருக்கும்.

வெள்ளம்தான் என்றில்லை. கரையான் இருக்கிறது. குடிசை தீப்பிடிக்கிறது. மடித்து மடித்து வைத்த இடத்தில் தாள் நாலு துண்டாகிறது. மை மங்கி, முத்திரை அழிந்து, போட்டோ மட்டும் மிஞ்சுகிறது.

ஒரு பெரியவர் கவுண்டரில் போய் நிற்கிறார் என்று வைத்துக் கொள்வோம். பேச்சு எப்படிப் போகும்?

"பெரியவரே, இது செல்லாது. ஒரிஜினலைக் கொண்டாங்க."

"ஆத்துத் தண்ணி வீட்டுக்குள்ள வந்துருச்சுங்க ஐயா. பெட்டியோட நனைஞ்சு போச்சு."

"அதுக்கு நாங்க என்ன செய்ய முடியும்? கொடுத்த இடத்துல போயி வாங்குங்க."

கொடுத்த இடம் எது? கண்டி! எழுபது வயதுக்காரர் சர்ட்டிபிகேட் வாங்கக் கடல் தாண்டிப் போவாரா?

மூன்று ஆபீஸ், மூன்று ஃபைல்

இங்கே இருக்கிற உண்மையான சிக்கலைச் சொல்லித்தான் ஆக வேண்டும். குமாஸ்தாவை மட்டும் குறை சொல்லிப் பிரயோசனம் இல்லை.

பதிவு செய்து சான்று கொடுத்தது தூதரகம். அது வெளியுறவு அமைச்சகத்தின் கீழ் வருகிறது. குடியுரிமைச் சட்டத்தைக் கையில் வைத்திருப்பது உள்துறை அமைச்சகம். வந்தவர்களுக்கு முகாமும் கடனும் வேலையும் கொடுத்தது மாநில சர்க்காரின் மறுவாழ்வுத் துறை.

ஆக, ஒரே ஆளைப் பற்றிய விவரம் மூன்று இடத்தில் கிடக்கிறது. மூன்றையும் ஒன்றாக வைத்துப் பார்க்கிற ஆபீஸ் ஒன்றுகூட இல்லை.

இதிலே நம்ம ஜில்லாவுக்கு இன்னொரு கூத்தும் சேர்ந்து கொண்டது. அவர்கள் வந்தபோது திருநெல்வேலி ஒரே ஜில்லா. 1986-இல் தூத்துக்குடி பிரிந்தது. சில காலம் 'நெல்லை கட்டபொம்மன் மாவட்டம்' என்று பெயர் இருந்தது. 1997-இல் மறுபடியும் திருநெல்வேலி ஆனது. 2019-இல் தென்காசி பிரிந்தது.

1970-களில் கோவில்பட்டியிலோ சங்கரன்கோவிலிலோ குடியேறிய குடும்பத்தின் பழைய தாளில் 'திருநெல்வேலி ஜில்லா' என்று இருக்கும். இன்றைக்கு அந்தக் குடும்பம் வேறு மாவட்டம். "உங்க ஃபைல் அங்கே இருக்கும்" என்று இவர்கள் சொல்வார்கள். "இங்கே வரவில்லையே" என்று அவர்கள் சொல்வார்கள். நடுவில் பஸ் சார்ஜ் கொடுத்து அலைவது யார்?

ஒரு எழுத்தால் வந்த வினை

தாள் பத்திரமாக இருப்பவர்களுக்கும் நிம்மதி இல்லை.

தோட்டத்தில் பிறந்த பிள்ளைக்குத் தாய் தகப்பன் வைத்த பெயர் தமிழில் இருக்கும். அதைப் பதிந்தவர் இங்கிலீஷில் எழுதினார். அவர் காதில் விழுந்த மாதிரி எழுதினார். தூதரகத்தில் இன்னொருவர் அதைப் பார்த்து எழுதினார். மண்டபத்தில் மூன்றாவது ஆள். இங்கே ரேஷன் கார்டில் நாலாவது ஆள்.

முத்துசாமி ஒரு தாளில் முத்துச்சாமி. இன்னொன்றில் முத்துசுவாமி. ஒன்றில் இங்கிலீஷ் 'ஒய்' போட்டு முடியும். இன்னொன்றில் 'ஐ' போட்டு முடியும். ஒன்றில் தகப்பன் பெயர் முன்னால் இனிஷியல். இன்னொன்றில் அது பின்னால் முழுப் பெயர்.

ஆள் ஒருவர்தான். தாள்களைப் பார்த்தால் நாலு பேர்!

பிறப்புச் சான்றில் இப்படிப் பிழை வந்தால் வழி இருக்கிறது. 1969-ஆம் வருஷத்துப் பிறப்பு இறப்புப் பதிவுச் சட்டத்தின் 15-வது பிரிவு, எழுத்துப் பிழையைத் திருத்தும் அதிகாரத்தைப் பதிவாளருக்கே கொடுக்கிறது. எழுதுகிறவர் பிழை செய்வார் என்று சட்டமே ஒப்புக்கொள்கிறது.

குடியுரிமைத் தாளில் எழுதியவர் மட்டும் பிழையே செய்யாத பிரம்மாவா?

பிள்ளைகள் தலையில் விடிகிறது

"வயசாளிகள் பிரச்சினைதானே, கொஞ்ச நாளில் தீர்ந்து போகும்" என்று நினைத்தால் அது தப்பு.

அந்தக் காலத்தில் சின்னப் பிள்ளைகளுக்குத் தனிப் பாஸ்போர்ட் கிடையாது. தகப்பன், தாய் பாஸ்போர்ட்டிலேயே பெயரை எழுதி விடுவார்கள். ஐந்து வயதில் கப்பலில் வந்த பிள்ளைக்குத் தகப்பனுடைய தாள்தான் ஆதாரம். அது ஒன்று தொலைந்தால் நாலு பிள்ளைகள் ஆதாரம் இல்லாமல் நிற்பார்கள். அந்தப் பிள்ளைகளுக்கு இன்றைக்கு ஐம்பது வயது.

பேரன் பேத்திக்கும் இது வருகிறது. சட்டம் தேதி பார்த்துப் பேசுகிறது. 1987 ஜூலை 1-ந் தேதிக்கு முன்னால் இந்தியாவில் பிறந்தவர் பிறப்பாலேயே பிரஜை. அதற்குப் பிறகு பிறந்தவருக்குத் தாய் தகப்பனில் ஒருவர் இந்தியப் பிரஜையாக இருக்க வேண்டும். 2004 டிசம்பர் 3-ந் தேதி முதல் பிறந்தவருக்கு இன்னும் கெடுபிடி. ஒருவர் பிரஜையாக இருந்தால் போதாது. மற்றவர் சட்டவிரோதமாகக் குடியேறியவராக இருக்கக் கூடாது.

ஆக, 2005-இல் பாளையங்கோட்டையில் பிறந்த பேரனுடைய குடியுரிமை, 1972-இல் தாத்தாவுக்குக் கொடுத்த தாளில் போய் முட்டிக் கொள்ளலாம்.

2025 நவம்பர் 4-ந் தேதி தமிழ்நாட்டில் வாக்காளர் பட்டியல் தீவிரத் திருத்தம் தொடங்கியது. 2002, 2005 பட்டியலில் பேர் இருக்கிறதா, தாய் தகப்பன் பேர் இருக்கிறதா என்று கேட்டார்கள். டிசம்பர் 19-ந் தேதி வந்த வரைவுப் பட்டியலில் 97 லட்சம் பெயர்கள் நீங்கின. இறந்தவர்கள், இடம் மாறியவர்கள், இரண்டு இடத்தில் பதிந்தவர்கள் என்று காரணம் சொன்னார்கள். இருக்கட்டும். பழைய தாள் எத்தனை அவசியம் என்பதை அந்த இரண்டு மாதம் வீட்டுக்கு வீடு காட்டிக் கொடுத்துவிட்டது.

"ஆதார் இருக்கே" என்று சிலர் சொல்கிறார்கள். ஆதார் ஆளுக்கு அடையாளம். குடியுரிமைக்கு ஆதாரம் அல்ல. ஆதார் சட்டத்திலேயே அப்படி எழுதியிருக்கிறது.

லண்டனில் நடந்தது

இது நம்ம ஊர் கதை மட்டும் அல்ல. இங்கிலாந்தில் 1948 முதல் மேற்கிந்தியத் தீவுகளிலிருந்து வேலைக்கு வந்து குடியேறினார்கள். முதலில் வந்த கப்பலின் பெயரை வைத்து அவர்களை 'விண்ட்ரஷ்' தலைமுறை என்கிறார்கள். அவர்கள் வந்து இறங்கியபோது எழுதிய அட்டைகளை, இடம் அடைக்கிறது என்று 2010-இல் அழித்துவிட்டார்கள்.

அப்புறம் அந்த சர்க்காரே, "எப்போது வந்தாய்? ஆதாரம் காட்டு" என்று கேட்டது. ஐம்பது வருஷம் வரி கட்டியவர்கள் வேலை இழந்தார்கள். வைத்தியம் மறுக்கப்பட்டார்கள். சிலரை நாடு கடத்தியே விட்டார்கள். 2018-இல் விஷயம் வெடித்தது. பிரதமர் மன்னிப்புக் கேட்டார். உள்துறை மந்திரி ராஜினாமா செய்தார். நஷ்ட ஈடு கொடுக்கத் திட்டம் போட்டார்கள்.

சர்க்கார் தன் கையில் இருக்கிற பதிவைக் காப்பாற்றாமல், ஜனங்களிடம் ஆதாரம் கேட்டால் என்ன நடக்கும் என்பதற்கு இதைவிடப் பாடம் வேண்டாம். அங்கே அட்டைகள் அழிந்த பிறகு அழுதார்கள். நம்ம பதிவேடுகள் அழியும் முன்னால் நாம் விழித்துக் கொள்ளலாம்.

சட்டத்தில் கதவு இருக்கிறது

ஒருவருடைய குடியுரிமையில் சந்தேகம் வந்தால், மத்திய சர்க்காரே "இவர் இந்தியப் பிரஜை" என்று சான்று கொடுக்கலாம். குடியுரிமைச் சட்டத்தின் 13-வது பிரிவு இது. மோசடி செய்து வாங்கியது என்று நிரூபித்தால் ஒழிய, அந்தச் சான்று முடிவான ஆதாரம்.

கதவு இருக்கிறது. ஆனால் அது டெல்லியில் இருக்கிறது. நெல்லையில் இருந்து அதைத் தட்ட ஏழைக்குக் கை எட்டவில்லை.

"நகல் கொடுத்தால் கள்ளச் சான்று பெருகும்" என்று அதிகாரிகள் பயப்படலாம். நியாயமான பயம்தான். பொய் சொல்லி வாங்கினால் ஐந்து வருஷம் வரை ஜெயில் என்று 17-வது பிரிவு சொல்கிறது. அதைப் போடட்டும். கள்ளச் சான்றைக் கண்டுபிடிக்கவும் மூலப் பதிவேட்டைத்தான் பார்க்க வேண்டும். நல்ல மனுவுக்கும் அதே பதிவேடுதான். அதைப் பார்க்காமலே எல்லோரையும் சந்தேகப்பட்டால், கள்ளன் தப்பிப்பான், நல்லவன் மாட்டுவான்.

அதுவரை என்ன செய்யலாம்?

தாள் தொலைந்தவர்கள் முதலில் போலீசில் தொலைந்த விவரத்தைப் பதிய வேண்டும். தமிழ்நாடு போலீசின் இணையதளத்திலேயே தொலைந்த ஆவண அறிக்கை வாங்கலாம். தெருவில் இருக்கிற இ-சேவை மையத்திலோ படிக்கிற பிள்ளையிடமோ சொன்னால் எடுத்துத் தருவார்கள்.

அடுத்தது, வீட்டில் இருக்கிற சின்னத் தாளையும் தூக்கிப் போடாதீர்கள். காலாவதியான பாஸ்போர்ட், மண்டபம் முகாமில் கொடுத்த சீட்டு, குடும்ப அட்டை, மறுவாழ்வுக் கடன் ரசீது, ரெப்கோ வங்கிப் பங்குப் பத்திரம், மில்லில் பி.எஃப். பிடித்த சீட்டு, பழைய ரேஷன் கார்டு, தோட்டத்துப் பள்ளிக்கூட டி.சி. எல்லாம் சாட்சி பேசும். பாஸ்போர்ட்டுக்குத்தான் காலாவதி உண்டு. அது காலாவதியானால் குடியுரிமை காலாவதி ஆகாது.

மூன்றாவது, தகவல் உரிமைச் சட்டம். 10 ரூபாய் கட்டி, "என்னைப் பற்றிய பதிவின் சான்றிட்ட நகல் வேண்டும்" என்று கேட்கலாம். வெளியுறவு அமைச்சகத்துக்கும் எழுதலாம். மாநில மறுவாழ்வு ஆணையரகத்துக்கும் எழுதலாம். 30 நாளில் பதில் சொல்ல வேண்டும். சொல்லாவிட்டால் மேல்முறையீடு உண்டு. "பதிவு இல்லை" என்று பதில் வந்தாலும் அதை எழுத்தில் வாங்கி வையுங்கள்.

தாள் பத்திரமாக இருப்பவர்கள் இன்றைக்கே கலரில் இரண்டு நகல் எடுங்கள். ஒன்றை வேறு ஊரில் இருக்கிற சொந்தக்காரர் வீட்டில் கொடுத்து வையுங்கள். போனில் படம் எடுத்துப் பிள்ளைகளுக்கு அனுப்புங்கள். ஆறு பெருகினாலும் அடுத்த ஊர்ப் பெட்டி நனையாது.

ஒன்றே ஒன்று மட்டும் செய்யாதீர்கள். "ஐயாயிரம் கொடுங்க, ரெண்டு நாள்ல முடிச்சுத் தாரேன்" என்கிற புரோக்கரிடம் போகாதீர்கள். அவன் தருகிற கள்ளத் தாளால் உள்ள உரிமைக்கும் ஆபத்து வரும்.

சர்க்கார் செய்ய வேண்டியது

2023-இல் சென்னையில் புயல் வெள்ளம் வந்தபோது, தொலைந்த சான்றிதழ்களுக்கு நகல் கொடுக்கச் சிறப்பு முகாம் போட்டார்கள். ரேஷன் கார்டுக்கும் மார்க் சீட்டுக்கும் முகாம் போட முடிந்த சர்க்காருக்கு இதற்கு முடியாதா?

நெல்லை, தூத்துக்குடி, தென்காசி மூன்று மாவட்டத்துக்கும் சேர்த்து கொக்கிரகுளத்தில் ஒரு முகாம் நடத்த வேண்டும். மூன்று மாவட்டப் பழைய மறுவாழ்வு ஃபைல்களை அங்கே கொண்டுவர வேண்டும். கண்டித் தூதரகப் பதிவேடுகளையும் மண்டபம் பதிவேடுகளையும் கம்ப்யூட்டரில் ஏற்றி, கலெக்டர் பார்க்கும்படி வெளியுறவு அமைச்சகமும் மாநில சர்க்காரும் செய்ய வேண்டும். பதிவு ஒத்துப்போனால் நகல் கொடுக்க வேண்டும். ஒற்றை எழுத்து, இனிஷியல் பிழையைக் கலெக்டர் மட்டத்திலேயே திருத்த அதிகாரம் கொடுக்க வேண்டும். பதிவே கிடைக்காதவர்களின் மனுவை 13-வது பிரிவின் கீழ் டெல்லிக்கு அனுப்பும் பொறுப்பைக் கலெக்டர் ஆபீசே ஏற்க வேண்டும்.

இது சலுகை அல்ல. கடன் கொடுத்தவன் கணக்கு நோட்டை வைத்திருப்பது போல, குடியுரிமை கொடுத்த சர்க்கார்தான் அதன் பதிவை வைத்திருக்க வேண்டும். தாளைத் தொலைத்தது ஏழையின் துரதிர்ஷ்டம். பதிவைத் தேட மறுப்பது சர்க்காரின் குற்றம்.

தோட்டத்தில் மூன்று தலைமுறை உழைத்துவிட்டு, "நீ எங்கள் ஆள் இல்லை" என்று ஒரு நாடு சொன்னதைக் கேட்டவர்கள் இவர்கள். அதே சொல்லை நம்ம ஊர் கவுண்டரிலும் அவர்கள் கேட்கலாமா?

அடுத்த மழைக்காலம் வருமுன் முகாமுக்குத் தேதி குறிக்க வேண்டும். மூன்று மாவட்ட எம்.பி.க்களும் டெல்லியில் இதைக் கேட்க வேண்டும். கலெக்டர் முதல் கடிதத்தை எழுத வேண்டும்.

எழுதுவாரா?